நோரில்ஸ்கில் ஒளிந்திருந்த ஹாம்லெட்

சோவியத் சினிமா என்றதும் நமக்கு ஐசன்ஸ்டைன், தார்க்கோவ்ஸ்கி என்று இயக்குநர்களின் பெயர்கள்தான் நினைவுக்கு வரும். நடிகர்களைப் பற்றி அதிகம் பேசுவதில்லை. அப்படிப் பேசப்பட வேண்டியவர்களில் ஒருவர் இன்னொகென்தி ஸ்மொக்துனோவ்ஸ்கி. 1964-ல் வெளிவந்த ரஷ்ய 'ஹாம்லெட்' படத்தின் நாயகன். ஆனால் அந்த வேடம் கிடைக்கும் முன் அவர் பட்ட பாடு கொஞ்சநஞ்சமல்ல.

1925-ல் சைபீரியாவில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். கிராஸ்நயார்ஸ்க் நகரில் அத்தை வீட்டில் வளர்ந்தார். 1943-ல் போர்முனைக்கு அனுப்பப்பட்டார். கூர்ஸ்க் சண்டையிலும், தினீப்பர் நதியைக் கடந்த சண்டையிலும் பங்கெடுத்தார். அந்த ஆண்டின் இறுதியில் ஜெர்மானியரிடம் பிடிபட்டார். சுமார் ஒரு மாதம் கழித்து, கைதிகளை நடத்திக் கூட்டிச் செல்லும் வழியில் ஒரு பாலத்துக்கு அடியில் ஒளிந்து தப்பினார். உக்ரைன் கிராமத்துக் குடும்பம் ஒன்று அடைக்கலம் கொடுத்தது. பிறகு கெரில்லாக்களோடு சேர்ந்து, மீண்டும் செஞ்சேனைக்குத் திரும்பி, ஜெர்மனி வரை போனார்.

இத்தனைக்கும் பிறகு அவருக்குக் கிடைத்தது சந்தேகம்தான். 1941-ல் ஸ்டாலின் பிறப்பித்த 270-ஆம் எண் ஆணை, எதிரியிடம் சரணடைபவர்களைத் துரோகிகளாகப் பார்த்தது. எதிரியின் கையில் சிக்கித் திரும்பிய எவர் மீதும் அந்த நிழல் விழுந்தது. அதனால் ஸ்மொக்துனோவ்ஸ்கி 1946-ல் தானாகவே நோரில்ஸ்க் போனார். ஆர்க்டிக் வட்டத்துக்கு அப்பால், கைதிகளின் உழைப்பில் எழுந்த நிக்கல் நகரம் அது. ஏற்கெனவே அங்கே இருப்பவனை இனி எங்கே நாடு கடத்துவார்கள் என்பது அவர் கணக்கு! அந்த ஊர் நாடகக் குழுவில் ஜார்ஜி ஜ்ஷோனவ் அவருடைய சக நடிகர். கோலிமா முகாமில் இருந்துவிட்டு, மறுபடியும் தண்டனை பெற்று வந்தவர்.

சில ஆண்டுகளில் உடல்நிலை கெட்டு நோரில்ஸ்கை விட்டார். மகாச்கலா, ஸ்டாலின்கிராட் என்று ஊர் ஊராக நடித்தார். 1955-ல் மாஸ்கோ வந்தபோது அவரைச் சீந்துவாரில்லை. 1956-ல் 'சிப்பாய்கள்' என்ற போர்ப் படத்தில் ஃபார்பர் என்ற சிறு அதிகாரி வேடம். அதைப் பார்த்த லெனின்கிராட் நாடக இயக்குநர் தொவ்ஸ்தோனோகவ், தஸ்தயேவ்ஸ்கியின் 'அசடன்' நாடகத்தில் இளவரசர் மிஷ்கினாக நடிக்க அவரை அழைத்தார். 1957 டிசம்பர் 31 அன்று அரங்கேறிய அந்த நாடகம் அவரை ஒரே மூச்சில் புகழின் உச்சிக்குக் கொண்டுபோனது.

அடுத்துத்தான் கோசின்ட்செவின் 'ஹாம்லெட்'. பஸ்தர்நாக்கின் மொழிபெயர்ப்பு, ஷோஸ்தகோவிச்சின் இசை. எங்கு பார்த்தாலும் கல் சுவர்கள், காவலர்கள், ஒட்டுக்கேட்பவர்கள். அவர்கள் நடுவே இந்த ஹாம்லெட் கத்துவதில்லை. உற்றுப் பார்க்கிறார், யோசிக்கிறார். தன்னைப் புல்லாங்குழல் போல வாசித்துவிடலாம் என நினைக்கும் பழைய நண்பர்களிடம் அவர் பேசும் காட்சியைப் பாருங்கள். வேவு பார்க்கப்படும் மனிதனின் அடக்கிவைத்த கோபம் அதில் இருக்கிறது. அது அவர் எங்கோ படித்துத் தெரிந்துகொண்டதல்ல என்றே எனக்குத் தோன்றுகிறது.

1965-ல் அதே நடிப்புக்கு லெனின் பரிசு கிடைத்தது. அதே ஆண்டு ஒரு படத்தில் லெனினாகவே நடித்தார். ஒரு காலத்தில் அரசுக்குப் பயந்து உலகின் விளிம்புக்கு ஓடியவர்! 1966-ல் ரியாசானவின் 'கார் ஜாக்கிரதை' நகைச்சுவைப் படத்தில், லஞ்சப் பேர்வழிகளின் கார்களைத் திருடி விற்று அனாதை இல்லங்களுக்குப் பணம் அனுப்பும் அப்பாவி காப்பீட்டு முகவர். அந்த முகவர் ஓர் அமெச்சூர் நாடகத்தில் ஹாம்லெட்டாக நடிப்பது தனி வேடிக்கை. 1975-ல் தார்க்கோவ்ஸ்கியின் 'கண்ணாடி' படத்தில் முகம் காட்டாமல் குரல் மட்டும் கொடுத்தார்.

1994 ஆகஸ்ட் 3 அன்று, 69-ஆம் வயதில் இறந்தார். பிடிபட்டதற்காகச் சந்தேகிக்கப்பட்ட லட்சக்கணக்கான வீரர்களில் இவர் ஒருவர். மற்றவர்களின் திறமை என்ன ஆனது என்று நினைத்தால்தான் மனசு கனக்கிறது. நண்பர்களே, வாய்ப்புக் கிடைத்தால் முதலில் 'ஹாம்லெட்' பாருங்கள், அடுத்து 'கார் ஜாக்கிரதை'. இரண்டிலும் ஒரே ஆள் என்று நம்பச் சற்று நேரம் பிடிக்கும்.