வீட்டு அடமானக் கடன்: கடலூர், சிதம்பரம் வட்டார வரலாறு

வீட்டு அடமானக் கடன் என்பது வீட்டையோ மனையையோ ஈடாக வைத்துப் பெறப்படும் நீண்டகாலக் கடன் ஆகும். பழைய தென்னார்க்காடு மாவட்டத்தின் தலைநகரான கடலூரிலும், காவிரிப் பாசனத்தின் கடைமடையை ஒட்டிய சிதம்பரத்திலும் இக்கடன் போக்கியம், ஈடு, நிதி, கூட்டுறவுக் கடன், வங்கி மாதத் தவணை எனப் பல வடிவங்களில் வழங்கி வந்துள்ளது. ஒவ்வொரு வடிவத்திலும் பத்திரத்தில் எழுதப்பட்ட வட்டி விகிதம் ஒன்றாகவும், கடன் தீரும்போது கடன்காரர் கொடுத்திருந்த மொத்தத் தொகை வேறாகவும் இருந்தன. இந்த வேறுபாட்டைக் கட்டுப்படுத்தும் முயற்சியாகவே இக்கடன் தொடர்பான சட்ட வரலாற்றின் பெரும்பகுதி அமைந்துள்ளது.

சொற்கள்

ஒற்றி என்ற பழஞ்சொல்லே பேச்சுவழக்கில் ஒத்தி ஆனது. கடன் கொடுத்தவர் வட்டிக்குப் பதிலாக நிலத்தையோ வீட்டையோ அனுபவித்துக்கொள்ளும் முறையை இது குறிக்கும். தென்மாவட்டங்களில் ஒத்தி என்றும், கடலூர் உள்ளிட்ட வடபகுதிகளில் போக்கியம் என்றும் வழங்குகிறது. சொத்து கடன்காரரிடமே இருக்க, அதன் பேரில் கடன் எழுதப்படுவது ஈடு. அடமானம் இவற்றுக்கான பொதுச்சொல்.

பொலிசை

இவ்வட்டாரமும் அடங்கிய சோழநாட்டில் கோயில்கள் ஊர்ச்சபைகளுக்கும் தனியாருக்கும் பணம் கொடுத்து, ஆண்டுதோறும் வட்டி பெற்றன. வட்டிக்குப் பொலிசை என்று பெயர். தஞ்சை இராசராசேச்சுரக் கல்வெட்டுகளில் ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு, அதாவது 12.5 விழுக்காடு பொலிசை குறிக்கப்படுகிறது. விளக்கெரித்தல், திருவமுது போன்ற நிரந்தரச் செலவுகளுக்காக வைக்கப்பட்ட பணம் என்பதால் முதலைத் திருப்பிக் கேட்கும் நோக்கம் இல்லை. இந்த விகிதத்தில் 8 ஆண்டுகளில் செலுத்தப்படும் வட்டி முதலுக்குச் சமமாகும்; 80 ஆண்டுகளில் பத்து மடங்காகும்; முதல் அப்படியே நிற்கும். கொடுத்தவருக்கு இது அறக்கட்டளை. வாங்கியவருக்கு அடுத்த தலைமுறைகளும் சுமக்கும் கடமை.

போக்கியம்

போக்கியத்தில் வட்டி என்று எதுவும் எழுதப்படுவதில்லை. அதனால் இது செலவில்லாத கடன் என்ற எண்ணம் பரவலாக உள்ளது. 1,000 ரூபாய்க்குப் போக்கியமாக விடப்பட்ட ஒரு வீட்டின் வாடகை மதிப்பு மாதம் 8 ரூபாய் எனக் கொண்டால், உரிமையாளர் இழப்பது ஆண்டுக்கு 96 ரூபாய், அதாவது 9.6 விழுக்காடு. சில ஆண்டுகளில் வாடகை 16 ரூபாயாக உயர்ந்தால், கடன் தொகை மாறாமலே இழப்பு 19.2 விழுக்காடாகிவிடும். வீட்டின் மதிப்பு ஏற ஏறக் கடனின் விலையும் ஏறுவது போக்கியத்தின் இயல்பு.

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் அடமானங்களை வகைப்படுத்தியது. போக்கியம் அதில் சுவாதீன அடமானமாக இடம்பெற்றது. 100 ரூபாயும் அதற்கு மேலும் உள்ள ஈடுகள் சாட்சிகளுடன் எழுதிப் பதிவு செய்யப்பட வேண்டும் என்பதும், கடனைத் தீர்த்துச் சொத்தை மீட்கும் உரிமையை எந்த நிபந்தனையாலும் பறிக்க முடியாது என்பதும் இச்சட்டத்தின் முக்கியக் கூறுகள். கிரயப் பத்திரம் ஒன்றும் மீட்பு ஒப்பந்தம் ஒன்றுமாகத் தனித்தனியே எழுதி அடமானத்தை விற்பனைபோல் காட்டும் வழக்கம் இருந்தது. இதனால் எழுந்த சச்சரவுகளைக் குறைக்க, மீட்பு நிபந்தனை அதே பத்திரத்தில் இருந்தால் மட்டுமே அது அடமானமாகக் கருதப்படும் என 1929இல் திருத்தம் செய்யப்பட்டது. நிபந்தனையைத் தனித்தாளில் வாங்கிக்கொண்டவர் இதனால் அடமானப் பாதுகாப்பை இழந்தார்.

மீட்பதற்கான காலவரம்பு பழைய சட்டங்களில் 60 ஆண்டுகள். 1963ஆம் ஆண்டின் காலவரைச் சட்டத்தில் 30 ஆண்டுகள். சுவாதீன அடமானத்தில், பத்திரம் எழுதிய நாளிலிருந்து காலம் கடந்துவிட்டது என்ற ஒரே காரணத்தால் மீட்கும் உரிமை அழியாது என உச்ச நீதிமன்றம் 2014இல் தீர்ப்பளித்தது.

ஈட்டுப் பத்திரமும் கூட்டுவட்டியும்

ஈட்டில் வீடு கடன்காரரிடமே இருந்ததால் அது பாதுகாப்பானதாகத் தோன்றியது. அதன் ஆபத்து வட்டி கூடும் முறையில் இருந்தது. 12 விழுக்காடு கூட்டுவட்டியில் 1,000 ரூபாய்க் கடன், எதுவும் செலுத்தப்படாவிட்டால், 6 ஆண்டுகளில் ஏறத்தாழ இரண்டு மடங்காகும். 12 ஆண்டுகளில் அது 3,896 ரூபாய். 20 ஆண்டுகளில் 9,646 ரூபாய். விளைச்சல் பொய்த்த ஆண்டுகளில் பழைய வட்டியையும் சேர்த்துப் புதுப்பத்திரம் எழுதுவதால், வட்டி அசலாக மாறியது.

நிலுவை வட்டி அசலை மிஞ்சக்கூடாது என்ற தாம்துபத் விதி பழைய தர்மசாத்திரங்களில் உண்டு. ஆங்கிலேயர் கால நீதிமன்றங்கள் இதைப் பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் ஏற்றன. சென்னை மாகாணத்தில் ஏற்கவில்லை. எனவே தென்னார்க்காட்டுக் கடன்காரருக்கு அந்த உச்சவரம்பின் பாதுகாப்பு கிடைக்கவில்லை.

பத்திரங்களை ஒப்படைத்து மட்டும் கடன் பெறும் முறையைச் சட்டம் தொடக்கத்தில் சென்னை போன்ற சில நகரங்களுக்கே அனுமதித்தது. எந்த ஊரில் பத்திரம் ஒப்படைக்கப்படுகிறது என்பதே அங்கு முக்கியம். சொத்து எங்கே உள்ளது என்பது அல்ல. கடலூர் வீட்டின் பத்திரத்தைச் சென்னையில் ஒப்படைத்துக் கடன் பெற இதனால் வழி இருந்தது. பின்னர் அறிவிக்கை மூலம் பிற ஊர்களுக்கும் இம்முறை விரிந்தது. இன்றைய வங்கிக் கடன்களில் பெரும்பாலானவை இவ்வகையைச் சேர்ந்தவை.

நிதிகளும் கூட்டுறவும்

19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சென்னை மாகாண நகரங்களில் நிதி எனப்படும் அமைப்புகள் வளர்ந்தன. உறுப்பினர்கள் மாதச் சந்தா செலுத்தி, அத்தொகுப்பிலிருந்து கடன் பெற்றனர். 1872இல் தொடங்கிய மயிலாப்பூர் இந்து பெர்மனென்ட் ஃபண்ட் இவற்றுள் புகழ்பெற்றது. மாதந்தோறும் சிறு தொகையாகச் செலுத்தும் பழக்கம் நகர நடுத்தர வகுப்பிடம் இவ்வாறு வேரூன்றியது.

சென்னை அரசின் பணிப்பில் வேளாண் வங்கிகளை ஆராய்ந்த ஃபிரெடெரிக் நிக்கல்சன் தமது அறிக்கையின் முதல் தொகுதியை 1895இலும் இரண்டாம் தொகுதியை 1897இலும் அளித்தார். ஜெர்மனியின் ரைஃபைசன் சங்கங்களை அவர் முன்மாதிரியாகக் காட்டினார். 1904இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. குறுகியகாலக் கடன் கொடுத்த இச்சங்கங்களால் பழைய ஈட்டுக்கடன்களைத் தீர்க்க இயலவில்லை. நீண்டகாலக் கடனுக்காக 1929இல் சென்னை மத்திய நில அடமான வங்கி தொடங்கப்பட்டது.

விலை வீழ்ச்சியும் 1938 சட்டமும்

அதே 1929இல் தொடங்கிய உலகப் பொருளாதார நெருக்கடியில் நெல் விலை சரிந்தது. கடன் ரூபாயில் எழுதப்பட்டிருந்ததால் குறையவில்லை. முன்பு சில மூட்டைகளில் தீர்ந்த வட்டிக்கு இப்போது அதைவிட மிகுதியான மூட்டைகள் தேவைப்பட்டன. சென்னை மாகாண வங்கி விசாரணைக் குழு 1930இல் மாகாண ஊரகக் கடனை 150 கோடி ரூபாய் என மதிப்பிட்டது. 1935இல் சத்தியநாதன் அறிக்கை அதை 200 கோடி என்றது.

இராஜாஜி அமைச்சரவை கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் 1938 மார்ச் மாதம் நடைமுறைக்கு வந்தது. 1932 அக்டோபர் 1க்கு முன் வாங்கிய கடன்களில், 1937 அக்டோபர் 1 அன்று நிலுவையில் இருந்த வட்டி தள்ளுபடியானது. அசலைப்போல் இரு மடங்கு ஏற்கெனவே செலுத்தியிருந்தால் கடன் முழுவதும் தீர்ந்ததாகக் கொள்ளப்பட்டது. கடன்காரர் இதுவரை மொத்தம் எவ்வளவு கொடுத்தார் என்ற கேள்வியைச் சட்டம் இங்கு நேரடியாகக் கேட்டது.

இந்நிவாரணம் விவசாயிகளுக்கு மட்டுமே. குறிப்பிட்ட வரம்புக்கு மேல் வாடகை மதிப்புள்ள நகரக் கட்டடங்களுக்கு வரி கட்டியவர்களும் வருமான வரி செலுத்தியவர்களும் விலக்கப்பட்டனர். எனவே கடலூர், சிதம்பரம் நகராட்சிகளில் மதிப்புமிக்க வீட்டை ஈடு வைத்தவர் இதன் பயனைப் பெறவில்லை.

மாதத் தவணைக் காலம்

1929இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகமும், 1956இல் நெய்வேலி பழுப்பு நிலக்கரி நிறுவனமும் தோன்றியதால் இவ்வட்டாரத்தில் மாதச் சம்பளக்காரர்கள் பெருகினர். அறுவடைக்கு அறுவடை தீர்க்கும் கடனுக்கு மாறாக, சம்பளத்தில் பிடிக்கும் கடனுக்கு இது அடித்தளமிட்டது. நாட்டளவில் 1977இல் ஹெச்.டி.எஃப்.சி.யும் 1988இல் தேசிய வீட்டுவசதி வங்கியும் தொடங்கியபின் வீட்டுக் கடன் தனித்துறையாயிற்று.

மாதத் தவணையின் தொகை மாறாமல் இருந்தாலும் அதன் உட்கூறு மாறிக்கொண்டே இருக்கும். தொடக்கத்தில் பெரும்பகுதி வட்டிக்கும், இறுதியில் பெரும்பகுதி அசலுக்கும் செல்லும். 20 லட்சம் ரூபாய்க் கடனை 8.5 விழுக்காட்டில் 20 ஆண்டுகளுக்குப் பெற்றால் மாதத் தவணை ஏறத்தாழ 17,356 ரூபாய். முதல் மாதத்தில் அதில் 14,167 ரூபாய் வட்டி. 3,190 ரூபாய் மட்டுமே அசல். பத்தாண்டு முடிவில் செலுத்தியது 20.8 லட்சம்; அப்போதும் 14 லட்சம் பாக்கி இருக்கும். அசலில் பாதி தீர 13 ஆண்டுகளும் 10 மாதங்களும் ஆகும்.

இதே கடனின் மொத்தச் செலவு கால அளவைப் பொறுத்துப் பின்வருமாறு மாறும்:

15 ஆண்டுகள்: தவணை 19,695 ரூபாய், மொத்த வட்டி 15.45 லட்சம்.
20 ஆண்டுகள்: தவணை 17,356 ரூபாய், மொத்த வட்டி 21.66 லட்சம்.
30 ஆண்டுகள்: தவணை 15,378 ரூபாய், மொத்த வட்டி 35.36 லட்சம்.

15 ஆண்டுகளுக்குப் பதில் 30 ஆண்டுகள் எடுத்தால் தவணையில் மாதம் 4,317 ரூபாய் குறையும். மொத்த வட்டியில் ஏறத்தாழ 20 லட்சம் கூடும்.

மாறும் வட்டி

வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில் அமைந்தவை. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டிக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலுடன் இணைக்கப்பட்டன. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்த ரெப்போ 2023 பிப்ரவரியில் 6.5 விழுக்காடானது. 7 விழுக்காட்டில் 20 ஆண்டுகளுக்கு 20 லட்சம் பெற்றவரின் தவணை 15,506 ரூபாய். ஓராண்டுக்குப் பின் விகிதம் 9.5 ஆனால், அம்மாத வட்டி மட்டும் 15,457 ரூபாய். அசலுக்குச் செல்வது 49 ரூபாய். தவணையை உயர்த்தாவிட்டால் இக்கடன் தீர மேலும் 60 ஆண்டுகள் ஆகும். தவணை மாறாததால் கடன்காரர் இதை உணர்வதும் கடினம்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி வகுத்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்ற தேர்வைக் கடன்காரருக்கு அளிக்க வேண்டும். தவணை வட்டிக்குக்கூடப் போதாத நிலை வரக்கூடாது. 2024 அக்டோபர் முதல் புதிய சில்லறைக் கடன்களுக்கு, கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் செலவு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவரக் குறிப்பும் கட்டாயமானது.

தனியாருக்கான மாறும் வட்டி வீட்டுக் கடன்களை முன்கூட்டித் தீர்ப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்குவதை ரிசர்வ் வங்கி 2012இல் தடுத்தது. மேற்கண்ட 8.5 விழுக்காட்டுக் கடனில் முதலாண்டு முடிவில் 1 லட்சம் கூடுதலாகச் செலுத்தினால் ஏறத்தாழ 26 தவணைகள் குறைந்து, 3.5 லட்சம் ரூபாய்க்கு மேல் வட்டி மிச்சமாகும். அதே தொகையைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் செலுத்தினால் மிச்சம் 49,000 ரூபாய் அளவிலேயே இருக்கும்.

புயலும் வெள்ளமும்

கடலூர் மாவட்டத்தில் இக்கணக்குடன் இன்னொரு செலவும் சேர்கிறது. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலை, 2011 டிசம்பர் 30 தானே புயல், 2015 பெருவெள்ளம் ஆகியவை குறுகிய இடைவெளியில் இம்மாவட்டத்தைத் தாக்கின. 20 ஆண்டுக் கடனொன்றின் காலத்துக்குள் இம்மூன்றும் அடங்கும். தானே புயலில் பண்ருட்டி வட்டாரத்தின் முந்திரி, பலா மரங்கள் பெருமளவில் வீழ்ந்தன. புதுக்கன்று காய்க்கச் சில ஆண்டுகள் ஆகும். தவணை அடுத்த மாதமே வரும். 2002ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி, செயல்படாக் கடனாக வகைப்படுத்தப்பட்டபின் 60 நாள் அறிவிப்பு கொடுத்து, நீதிமன்றத்தில் வழக்கிடாமலே ஈட்டுச் சொத்தின் மீது நடவடிக்கை எடுக்க வங்கிக்கு அதிகாரம் உண்டு. எனவே காப்பீடும், சில மாதத் தவணைகளுக்கான கையிருப்பும் இங்கு கடன் செலவின் பகுதிகளே.

மதிப்பீடு

மொத்த வட்டித் தொகை மட்டுமே கடனின் முழுக் கணக்கு அல்ல. பணவீக்கத்தால் பிற்காலத் தவணைகளின் மதிப்பு குறைகிறது, வாடகை மிச்சமாகிறது, வீட்டின் மதிப்பு உயரவும் கூடும். நெல் விலை சரிந்த 1930களில் இதற்கு நேர்மாறாகக் கடனின் சுமை கூடியது. வருமானம் உயரும் என்ற எதிர்பார்ப்பிலேயே நீண்டகாலக் கடன் தாங்கக்கூடியதாகிறது.

இன்றும் இந்நகரங்களில் வீடுகள் போக்கியத்துக்கு விடப்படுகின்றன. 5 லட்சம் ரூபாய் பெற்று, மாதம் 5,000 ரூபாய் வாடகை வரக்கூடிய வீட்டைக் கொடுப்பவர் 12 விழுக்காட்டுக் கடன் வாங்கியவராகிறார். வட்டி இல்லை என்று சொல்லி அவர் வங்கிக் கடனைத் தவிர்த்திருக்கலாம். பணம் கொடுத்தவரும், பத்திரம் பதிவு செய்யப்படாமலோ வீடு ஏற்கெனவே வங்கியில் ஈடாக இருந்தாலோ, தம் தொகையை இழக்க நேரும். இதனாலேயே போக்கியத்துக்கு முன் வில்லங்கச் சான்றிதழ் பார்ப்பதும், வங்கிக் கடனுக்கு முன் முழுக்காலத் தவணை அட்டவணையைக் கேட்டுப் பெறுவதும் அவசியமாகின்றன.