மரமேறிப் பிடித்த பெயர்

'காக்கா' ராதாகிருஷ்ணன் என்றால் பலருக்குச் சட்டென முகம் நினைவுக்கு வராது. யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் நாடகக் குழுவில் சிறுவனாகப் பயின்றவர். சிவாஜி கணேசன் வளர்ந்ததும் அங்குதான். 1949-இல் வெளிவந்த 'மங்கையர்க்கரசி'யில், வேலை கிடைக்க 'காக்கா பிடிக்க வேண்டும்' என்று கேட்டதும் நிஜக் காகத்தைத் தேடி மரமேறும் அப்பாவியாக நடித்தார். அடைமொழி ஒட்டிக்கொண்டது, அசட்டு வேடங்களும்தான். 1954-இல் 'மனோகரா'வில் சிவாஜி வீர இளவரசர். இவரோ வசந்தசேனையின் அசட்டு மகன் வசந்தன்.

அந்த முகத்துக்குள் இன்னொரு நடிகர் இருந்ததை ரசிகர்கள் காண 38 ஆண்டுகள் ஆயின. 1992-இல் 'தேவர் மகன்' படத்தில் சிவாஜி பெரிய தேவர். அவரோடு பகைத்துக்கொண்ட தம்பி இவர். சிரிக்க வைக்கும் வேலையே அதில் இல்லை. 2004-இல் 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' படத்திலும் தோன்றினார். 2012 ஜூனில் சென்னையில் காலமானார். பால்ய நண்பர் சிவாஜி 2001-இலேயே போய்விட்டிருந்தார்.