நெடுஞ்சாலைப் பொருள் தரச்சோதனை

சாலைக்குப் பயன்படும் மண், ஜல்லி, தார், கான்கிரீட் ஆகியவை வகுக்கப்பட்ட தர அளவுகளுக்குப் பொருந்துகின்றனவா என்பதை ஆய்வகத்திலும் களத்திலும் சோதித்து உறுதிசெய்யும் பொறியியல் முறை. இந்தியாவில் இதற்கான விதிகளை 1934இல் தோன்றிய இந்தியச் சாலைகள் காங்கிரஸ், இந்தியத் தர நிர்ணய அமைவனம், மத்தியச் சாலைப் போக்குவரத்து அமைச்சகம் ஆகியவை வெளியிடுகின்றன. தமிழ்நாட்டில் சென்னை கிண்டியிலுள்ள நெடுஞ்சாலை ஆராய்ச்சி நிலையம் சோதனைகளை மேற்கொள்கிறது.

சென்னை–பெங்களூரு தேசிய நெடுஞ்சாலையும், ஒரகடத்தில் சந்திக்கும் வண்டலூர்–வாலாஜாபாத், சிங்கப்பெருமாள் கோவில்–ஸ்ரீபெரும்புதூர் சாலைகளும் ஆலைகளின் கன்டெய்னர் லாரிகளையும் கார் ஏற்றிச் செல்லும் டிரெய்லர்களையும் தாங்குவதால், ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழில் வட்டாரத்தில் தரச்சோதனை தனி முக்கியத்துவம் பெறுகிறது. சாலைச் சேதம் அச்சுச் சுமையின் ஏறத்தாழ நான்காம் அடுக்கில் பெருகும்; அதாவது சுமை இரட்டித்தால் சேதம் சுமார் 16 மடங்காகும். எனவே பல்வகை வாகனங்களின் தாக்கத்தை 80 கிலோநியூட்டன் நியம அச்சாக மாற்றியே தளத்தின் கனம் கணக்கிடப்படுகிறது.

அடிமண்ணின் வலிமை, நான்கு நாள் நீரில் ஊறவைத்த மாதிரியில் உலக்கை ஒன்றைச் செலுத்தி, கலிபோர்னியா தாங்குதிறன் விகிதமாக அளக்கப்படுகிறது. மழைக்காலத்தில் நீர் தேங்கும் ஏரிகள் நிறைந்த இவ்வட்டாரத்திற்கு இச்சோதனை இன்றியமையாதது. ஜல்லியின் மோதல் தாங்கும் திறனும் தட்டைத்தன்மையும் சோதிக்கப்படுகின்றன. தார், 2006 முதல் ஊசி இறங்கும் ஆழத்திற்கு மாறாக 60 பாகை செல்சியசில் காட்டும் பாகுநிலையால் வகைப்படுத்தப்படுகிறது. தார்க்கலவையின் உறுதியை மார்ஷல் சோதனையும், போடப்பட்ட தளத்தின் கனம், அடர்த்தி ஆகியவற்றைத் துளையிட்டெடுக்கும் உருளை மாதிரிகளும் காட்டுகின்றன.