கடனுக்காகக் கைது (இந்திய உரிமையியல் சட்டம்)

கடனுக்காகக் கைது என்பது, பணம் செலுத்தும்படி நீதிமன்றம் தீர்ப்பாணை பிறப்பித்த பின்னும் செலுத்தாத கடனாளியைப் பிடித்து உரிமையியல் சிறையில் வைக்கும் முறையாகும். பேச்சு வழக்கில் இது 'சிவில் ஜெயில்' எனப்படுகிறது. இந்தியாவில் இம்முறை இன்றும் ஒழிக்கப்படவில்லை. ஆனால், பணம் கட்ட முடியாதவரையும் கட்ட மனமில்லாதவரையும் சட்டம் படிப்படியாக வேறுபடுத்திப் பார்க்கத் தொடங்கியது.

பழைய வழக்கம்

13ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக் கடற்கரைக்கு வந்த மார்க்கோ போலோ, இங்கிருந்த ஒரு வழக்கத்தைப் பதிவு செய்துள்ளார். கடன் கொடுத்தவர் கடனாளியைச் சுற்றித் தரையில் வட்டம் போட்டுவிட்டால், கடனைத் தீர்க்காமலோ ஈடு கொடுக்காமலோ கடனாளி அதைத் தாண்டக் கூடாது. அயல்நாட்டு வணிகர் ஒருவர் குதிரைமேல் இருந்த அரசரையே சுற்றி வட்டமிட்டதையும், வணிகருக்குச் சேர வேண்டியது கிடைக்கும்வரை அரசர் நகராமல் நின்றதையும் கண்டதாக அவர் கூறுகிறார்.

ஆங்கிலேயர் கால மாற்றங்கள்

இங்கிலாந்தில் கடனாளிகளை அடைப்பதற்கென்றே சிறைகள் இருந்தன. 1824இல் எழுத்தாளர் சார்லஸ் டிக்கன்ஸின் தந்தை லண்டனின் மார்ஷல்சி சிறையில் அடைக்கப்பட்டபோது டிக்கன்ஸுக்கு வயது 12. 1869ஆம் ஆண்டுக் கடனாளிகள் சட்டம், சில விதிவிலக்குகளுடன் அங்கு இம்முறையை நீக்கியது.

இந்தியாவில் 1859ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டமும் அதன்பின் வந்த சட்டங்களும் கைதை அனுமதித்தன. பணத் தீர்ப்பாணைக்காகப் பெண்களைக் கைது செய்வது 1888இல் தடை செய்யப்பட்டது. 1908ஆம் ஆண்டுச் சட்டப்படி, 50 ரூபாய்க்கு மேற்பட்ட கடனுக்கு ஆறு மாதம்வரை சிறையில் வைக்கலாம். வறுமையால் கட்ட முடியாதவரை விடுவிக்க நீதிபதிக்கு அதிகாரம் இருந்தது. ஆனால் விடுவித்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

1936ஆம் ஆண்டுத் திருத்தம் அந்தக் கட்டாயத்தைக் கொண்டுவந்தது. அதன்படி, கடனாளிக்கு விளக்கம் அளிக்க வாய்ப்புத் தர வேண்டும். அவர் தப்பியோடக்கூடும், சொத்தை நேர்மையின்றி மாற்றினார், வசதி இருந்தும் கட்ட மறுக்கிறார், நம்பி ஒப்படைத்த பணத்துக்குக் கணக்குக் காட்டக் கடமைப்பட்டவர் என்பவற்றுள் ஒன்றையேனும் நீதிமன்றம் ஏற்று, காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும்.

1980ஆம் ஆண்டுத் தீர்ப்பு

ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை ஒன்றை மட்டும் காரணமாகக் கொண்டு எவரையும் சிறையிடக் கூடாது என்கிறது பன்னாட்டு உடன்படிக்கை ஒன்றின் 11ஆம் பிரிவு. குடிசார், அரசியல் உரிமைகள் பற்றிய இந்த உடன்படிக்கையில் இந்தியா 1979இல் இணைந்தது. மறு ஆண்டே, ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பேங்க் ஆஃப் கொச்சின் வழக்கு உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. கடனாளிகளின் தற்போதைய வசதியை விசாரிக்காமலேயே பிடியாணை பிறப்பிக்கப்பட்டிருந்தது. நீதிபதிகள் வி. ஆர். கிருஷ்ணய்யர், ஆர். எஸ். பதக் அமர்வு அதை ஏற்கவில்லை. கட்டாமல் இருப்பது மட்டும் போதாது, கெட்ட எண்ணமோ வேண்டுமென்றே தட்டிக்கழித்தலோ இருக்க வேண்டும் என்று கூறி, மறுவிசாரணைக்கு உத்தரவிட்டது. வறியவரைச் சிறையிடுவது அரசியலமைப்பின் 21ஆம் பிரிவுக்கு முரணானது என்பதும் தீர்ப்பின் சாரமாகும்.

இன்றைய நடைமுறை

- தீர்ப்பாணைத் தொகை 2,000 ரூபாய்க்கு மேற்படாவிட்டால் சிறை இல்லை. 5,000 ரூபாய்வரை ஆறு வாரமும், அதற்கு மேல் மூன்று மாதமும் உச்ச வரம்புகள்.
- சூரியன் மறைந்தபின், உதிக்கும் முன், கைதுக்காக வீட்டுக்குள் நுழையக் கூடாது.
- சிறையிலிருக்கும் கடனாளியின் உணவுச் செலவுக்கான படியை, வழக்கில் வென்றவரே கட்ட வேண்டும். கட்டத் தவறினால் கடனாளி விடுவிக்கப்படுவார்.
- விடுதலையானாலும் கடன் தீராது. சொத்தை ஜப்தி செய்யலாம். ஆனால், அதே தீர்ப்பாணைக்காக மீண்டும் கைது செய்ய முடியாது.

எனவே இது குற்றத்துக்கான தண்டனை அன்று. பணத்தை வரவைக்கும் நெருக்கடி மட்டுமே. கைது செய்ய வந்த அமீனாவிடம் முழுத் தொகையையும் செலவையும் கட்டினால் அங்கேயே விடுதலை கிடைக்கும். அந்தப் பணம் கடனாளியுடையதா, உறவினர் நகையை அடகு வைத்துக் கொண்டுவந்ததா என்று அப்போது யாரும் கேட்பதில்லை. ஆகவே கடனாளிக்கு உண்மையான பாதுகாப்பு, பிடியாணைக்கு முன் நடக்கும் வசதி பற்றிய விசாரணைதான். நீதிமன்ற அறிவிப்பு வந்தும் நேரில் சென்று நிலையை விளக்காதவர் அந்தப் பாதுகாப்பை இழக்க நேரிடும்.