பேய்பிடிப்பு நீதிமன்றத் திரைப்படங்கள்

பேய் பிடித்ததாக நம்பப்படும் ஒருவரின் கதையை வழக்கு விசாரணையின் வழியே சொல்லும் திகில் படங்கள் இவை. பேயோட்டும் சடங்கும் குறுக்கு விசாரணையும் இவற்றில் மாறிமாறி வரும். பேய் உண்டா என்று இக்கால நீதிமன்றம் தீர்ப்புச் சொல்வதில்லை. போன உயிருக்கு யார் பொறுப்பு என்றே கேட்கிறது.

முன்னோடி: கென் ரஸ்ஸல் இயக்கிய 'தி டெவில்ஸ்' (1971). பிரான்சின் லூடன் நகரில், கன்னியர் மடத்துப் பெண்கள்மேல் பேயை ஏவியதாகக் குற்றம்சாட்டப்பட்டு 1634இல் எரிக்கப்பட்ட அர்பேன் கிராந்தியே என்ற பாதிரியாரின் கதை இது. அங்கே நீதிபதிகளே பேயைச் சாட்சியாக ஏற்றனர்.

ஜெர்மானிய வழக்கு: இவ்வகைக்கு அடித்தளம் இட்டது அன்னலீஸ் மிஷெலின் மரணம். பவேரியாவின் கிளிங்கன்பெர்க்கைச் சேர்ந்த இவருக்கு வலிப்பு நோய் இருப்பதாக மருத்துவர்கள் கண்டறிந்திருந்தனர். 1975இல் வூர்ஸ்பர்க் ஆயர் அனுமதி தர, இரு பாதிரியார்கள் 67 முறை பேயோட்டினர். 1976 ஜூலை 1 அன்று, ஊட்டச்சத்தும் நீரும் இன்றி, 23 வயதில் அவர் இறந்தார். 1978இல் அஷாஃபன்பர்க் நீதிமன்றம், மருத்துவ உதவி தேடாமல் கவனக்குறைவால் மரணம் விளைவித்ததாகப் பெற்றோரையும் பாதிரியார்களையும் குற்றவாளிகள் என்றது. 6 மாதச் சிறைத்தண்டனை விதித்து, அதை நிறுத்திவைத்தது.

திரையில்: ஸ்காட் டெரிக்சனின் 'தி எக்ஸார்சிசம் ஆஃப் எமிலி ரோஸ்' (2005) இவ்வழக்கை அமெரிக்காவுக்கு மாற்றியது. குற்றம்சாட்டும் அரசு வழக்கறிஞர் பக்தர்; பாதிரியாருக்காக வாதாடும், நடிகை லாரா லின்னி ஏற்ற பாத்திரமோ கடவுள் விஷயத்தில் முடிவுக்கு வராதவர். நடந்ததை நோயாகவும் பேயாகவும் படம் இருவிதமாகக் காட்டுகிறது. ஜூரி பாதிரியாரைக் குற்றவாளி என்கிறது. ஆனால் சிறையில் ஏற்கெனவே கழித்த காலமே தண்டனையாகப் போதும் எனப் பரிந்துரைக்கிறது. அதே மரணத்தைத் தழுவிய ஹான்ஸ்-கிறிஸ்டியன் ஷ்மிட்டின் 'ரெக்குவியம்' (2006), நீதிமன்றத்தையும் திகில் உத்திகளையும் தவிர்த்தது. அதில் நடித்த சாண்ட்ரா ஹூலர் பெர்லின் விழாவில் வெள்ளிக்கரடி விருது பெற்றார்.

பிற்காலம்: 'தி கான்ஜூரிங்: தி டெவில் மேட் மீ டூ இட்' (2021), 1981இல் அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில் நடந்த கொலை வழக்கைத் தழுவியது. பேய் பிடித்திருந்ததால் குற்றமில்லை என்ற வாதத்தை, நிரூபிக்க இயலாதது என்று நீதிபதி அப்போதே நிராகரித்தார்; குற்றம்சாட்டப்பட்ட இளைஞர் தண்டிக்கப்பட்டார். படம் அந்த வாதத்தைத் தன் போக்கில் நிரூபிக்க முயல்கிறது. பேயை ஏவச் சாபமிட்டவரைத் தேடும் புலனாய்வுக் கதையாக மாறுவதால், விசாரணைக் காட்சிகள் அதில் ஒப்புக்கே இடம்பெறுகின்றன.