கெலுலுட் என்னும் கொசுத்தேனீ: பேராக் தோட்ட வரலாறும் தமிழ் மருத்துவ மரபும்

முன்னுரை

மலேசியச் சந்தையில் ‘கெலுலுட்’ என்னும் மலாய்ப் பெயரால் விற்கப்படும் புளிப்புச் சுவையுடைய தேன் கடந்த சில ஆண்டுகளில் பெருமதிப்பைப் பெற்றுள்ளது. அதனைத் தரும் சிற்றுயிர் தமிழில் கொசுத்தேனீ எனப்படும். கெலுலுட் தேனின் மருத்துவப் பயனைக் கூறுவோர் சிலர் தேனைப் பற்றிய பழைய மருத்துவக் கருத்துகளை அப்படியே அதற்கும் பொருத்துகின்றனர். இது சரியா என்பதை அத்தேனீயின் இயல்பு, சித்த மருத்துவ மரபு, பேராக் ரப்பர்த் தோட்ட வரலாறு ஆகியவற்றின் துணைகொண்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

கொசுத்தேனீயின் இயல்பு

வெப்பமண்டல நாடுகளில் ஏறத்தாழ ஐந்நூறு வகைக் கொடுக்கற்ற தேனீக்கள் வாழ்கின்றன. மலேசியாவில் மட்டும் முப்பதுக்கும் மேற்பட்ட வகைகள் அறியப்பட்டுள்ளன. அவற்றுள் ‘ஹெட்டெரோட்ரிகோனா இத்தாமா’, ‘ஜெனியோட்ரிகோனா தொராசிக்கா’ என்னும் இரண்டும் மிகுதியாக வளர்க்கப்படுகின்றன. தமிழகத்தில் காணப்படும் ‘டெட்ராகோனூலா இரிடிபென்னிஸ்’ இவற்றினும் சிறியது. நான்கு மில்லிமீட்டர் அளவே இருக்கும்.

இவற்றின் கொடுக்கு குன்றிப் பயனற்றுப் போனதால் இவை கொட்டுவதில்லை. மரப்பொந்து, சுவரிடுக்கு முதலிய இடங்களில் கூடமைத்து, வாயிலில் மெழுகும் பிசினும் கலந்த சிறு குழாயை நீட்டி வைக்கின்றன. ஏனைய தேனீக்கள் அறுகோண அறைகளில் தேனைச் சேர்க்க, இவையோ மெழுகையும் மரப்பிசினையும் குழைத்துச் செய்த சிறு குடங்களில் சேர்க்கின்றன. இத்தேனில் நீர் மிகுதி, நொதித்தலும் நிகழ்கிறது. புளிப்புக்கு இதுவே காரணம். பன்னாட்டு உணவுத் தரம் பொதுவாகத் தேனில் 20 விழுக்காட்டு ஈரப்பதத்தையே ஏற்கிறது. கெலுலுட் தேனுக்கென வகுக்கப்பட்ட மலேசியத் தரமான எம்.எஸ். 2683:2017, பதப்படுத்தாத தேனில் 35 விழுக்காடு வரை ஏற்கிறது. இரண்டும் வேறுபட்ட பொருள்கள் என்பதற்கு இது ஒன்றே போதிய சான்று.

சித்த மருத்துவத்தில் தேன்

மலைத்தேன் எடுத்தல் தமிழரிடையே தொன்மையானது. பாறைமீது ஏறித் தேனெடுக்கப் பயன்பட்ட மூங்கில் ஏணிக்கு ‘மால்பு’ என்னும் தனிச்சொல்லே மலைபடுகடாமில் வழங்குகிறது. சித்த மருத்துவம் தேனை மருந்தாகவும் அனுபானமாகவும் கொள்கிறது. சூரணங்களைத் தேனில் குழைத்து உண்பது இன்றும் நிலவும் முறையாகும்.

சித்த மருத்துவக் குணபாடம் மலைத்தேன், கொம்புத்தேன், மரப்பொந்துத்தேன், மனைத்தேன், புற்றுத்தேன் என வகுக்கிறது. இவ்வகைப்பாடு தேன் கிடைத்த இடத்தைக் கொண்டது. ஈயின் இனத்தைக் கொண்டதன்று. பொந்தில் கொசுத்தேனீயும் வாழும். கொடுக்குடைய அடுக்குத்தேனீயும் வாழும். எனவே, நூல் கூறும் பொந்துத்தேனைக் கெலுலுட் தேன் என்று துணிந்து கூற இயலாது. மெக்சிகோவின் மாயர் கொடுக்கற்ற தேனீயின் தேனைக் கண்ணோய்க்கு மருந்தாகக் கொண்டனர். அம்மரபில் ஈயின் இனம் ஐயத்திற்கு இடமின்றித் தெரிகிறது. நம் மரபில் அதனை அறிய, நூலறிவோடு மக்கள் வழக்காறும் துணைநிற்க வேண்டும்.

பால்மரமும் தேனும்

பேராக்கின் பிரித்தானிய ரெசிடெண்டாக 1877இல் பொறுப்பேற்ற ஹியூ லோ, கோலகங்சாரில் ரப்பர்க் கன்றுகளை நடச் செய்தார். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரப்பர் பெருந்தொழிலானது. திருச்சிராப்பள்ளி, தஞ்சாவூர், சேலம், வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து தொழிலாளர் மலாயாவுக்கு வந்தனர். ஒப்பந்தக் கூலிமுறை 1910இல் ஒழிந்தது. கங்காணிவழி ஆள்சேர்ப்பு 1938 வரை நீடித்தது. தோட்டத்தில் டிரெசர் நடத்திய மருந்தகம் ஒருபுறமிருக்க, லயங்களில் பாட்டி வைத்தியமும் தொடர்ந்தது.

தோட்டக் கணக்கேடுகள் எடையிட்டது பாலை. ஆனால் அதே மரம் தேனும் தரும். ஆண்டுதோறும் இலையுதிர்ந்து தளிர்க்கும் பருவத்தில், மூன்று சிற்றிலைகள் கூடும் காம்பு நுனியிலுள்ள சுரப்பிகள் இன்சாற்றைச் சுரக்கின்றன. கன்னியாகுமரி மாவட்டத்து மார்த்தாண்டம் வட்டாரத்தில் தேனீ வளர்ப்பு ஒரு தொழிலாகவே நிலைபெற்றதற்கு இந்த ரப்பர்த் தேன் முதன்மைக் காரணமாகும். மலேசியாவிலோ ரப்பர்ச் சிறுதோட்டக்காரர்களிடையே கெலுலுட் வளர்ப்பு பக்கத்தொழிலாகப் பரவியது மிகப் பிற்காலத்தில்தான். அதற்குள் பேராக்கின் தோட்டங்கள் பல துண்டாடப்பட்டும் செம்பனைக்கு மாற்றப்பட்டும் போயின. அங்கு வாழ்ந்த தமிழர் பலர் ஈப்போ முதலிய நகரங்களுக்குக் குடிபெயர்ந்தனர்.

இன்றைய ஆய்வும் எச்சரிக்கையும்

ஆஸ்திரேலியாவின் குவீன்ஸ்லாந்து பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2020இல் வெளியிட்ட ஆய்வு, கொடுக்கற்ற தேனீயின் தேனில் ‘டிரிஹாலுலோஸ்’ என்னும் அரிய சர்க்கரை மிகுந்திருப்பதைக் காட்டியது. மலேசியாவின் மேற்கூறிய இரு வகைகளும் அதில் ஆராயப்பட்டன. இச்சர்க்கரை மெதுவாகவே செரிக்கும். எனினும் இதைக் கொண்டு கெலுலுட் தேன் நீரிழிவைத் தீர்க்கும் என்று முடிவு கட்டலாகாது. தேன் சர்க்கரை உணவே. 2019ஆம் ஆண்டின் தேசிய நலவாழ்வு ஆய்வின்படி மலேசிய இந்தியப் பெரியவர்களுள் 31.4 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருந்தது. நாட்டின் மொத்த அளவு 18.3 விழுக்காடு. இத்தகைய சமூகத்தில் மிகைக்கூற்று உயிருக்குக் கேடாகும்.

பிறந்த குழந்தைக்குத் தேன் தொட்டு வைக்கும் சேனை வழக்கமும் இவ்வாறே கைவிடத்தக்கது. தேனில் இருக்கக்கூடிய நுண்ணுயிர் வித்துகள் குழந்தையின் குடலில் வளர்ந்து நஞ்சு சுரந்து தசைகளைச் செயலிழக்கச் செய்யும். 1976இல் இனங்காணப்பட்ட இந்நோயின் காரணமாக, ஓராண்டு நிரம்பாத குழந்தைக்கு எத்தேனும் தரலாகாது என்று மருத்துவம் வலியுறுத்துகிறது.

முடிவுரை

மரபு மருத்துவத்தை மதித்தல் என்பது அதனை முழுவதும் ஏற்பதன்று. அது எதைச் சொன்னது என்பதைத் திட்டமாக அறிவதாகும். மரபுவழி, துணை மருத்துவச் சட்டம் 2016இல் நடைமுறைக்கு வந்தபின் மலேசியாவில் இந்திய மரபு மருத்துவமும் சட்டத்தின் வரம்புக்குள் வந்துள்ளது. ஆதலின் இத்திட்பம் இன்று இன்றியமையாதது. தோட்டத்தில் பிறந்து வளர்ந்த முதியோர் எந்த ஈயை எப்பெயரால் அழைத்தனர், எந்தத் தேனை எந்நோய்க்குக் கொடுத்தனர் என்பவை அவர்களோடு மறையும் தன்மையன. தமிழாசிரியர்கள் தம் மாணவரைக் கொண்டு, தாத்தா பாட்டியரிடம் இச்சொற்களைக் கேட்டு, ஈயின் படத்தோடும் ஊர்ப்பெயரோடும் பதிவு செய்விப்பாராயின், அது மொழிக்கும் மருத்துவத்திற்கும் ஒருங்கே பயன் தரும்.