தண்ணியில்லாக் காடு: ஒரு பெயரின் வரலாறு

அரசு ஊழியரை மிரட்ட மேலதிகாரிக்கு ஒரு வாக்கியம் போதும்: 'தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திப்புடுவேன்'. எந்தக் காடு என்று யாரும் திருப்பிக் கேட்பதில்லை. இராமநாதபுரம் மாவட்டம், அதிலும் முதுகுளத்தூர், கமுதி, கடலாடிப் பக்கம் என்பது சொல்பவருக்கும் தெரியும், கேட்பவருக்கும் தெரியும். ஒரு நிலப்பரப்பு தண்டனையின் பெயராக மாறியிருக்கிறது. அந்த மண்ணின் தலையெழுத்து அப்படி என்று சொல்லி நகர்ந்துவிடலாம்தான். தலையெழுத்தை எழுதியது யார் என்ற கேள்வி அப்போதும் மிச்சமிருக்கும்.

முதலில் மழை. இம்மாவட்டத்தின் சராசரி ஆண்டு மழை 800 மில்லிமீட்டருக்கும் சற்று அதிகம். கோயம்புத்தூர்ச் சமவெளியில் பெய்வது இதைவிடக் குறைவு. கோவையை எவரும் தண்ணியில்லாக் காடு என்பதில்லை. ஆக, பிரச்சினை மழையின் அளவில் இல்லை. பெய்வதில் பாதிக்கு மேல் ஐப்பசியை ஒட்டிய இரண்டு மூன்று மாதங்களில் கொட்டித் தீர்த்துவிடுகிறது. நிலமோ தட்டையானது, லேசாகச் சரிந்து கடலுக்குப் போகிறது. அணை கட்ட மலையில்லை. கிணறு தோண்டினால் பல இடங்களில் உப்புத் தண்ணீர். பெய்கிற நாளில் பிடித்து வைத்தால் உண்டு, விட்டால் கடலுக்கு.

பிடித்து வைத்தார்கள். நீண்ட கரையும் ஆழமில்லாத அகன்ற உள்வாயுமாக ஆயிரக்கணக்கான கண்மாய்கள். மேல்கண்மாயின் கலுங்கில் வழிவது வரத்துக்கால் வழியாகக் கீழ்க்கண்மாய்க்கு வரும். மாவட்டத்தின் வடபகுதியில் உள்ள இராசசிங்கமங்கலம் கண்மாயை நாரை பறக்காத நாற்பத்தெட்டு மடை என்பார்கள். வைகையே இராமநாதபுரம் பெரிய கண்மாயில்தான் போய் அடங்குகிறது. கமுதிப் பக்கம் சேதுபதிகள் காலத்தில் குண்டாற்றிலிருந்து வெட்டிய வாய்க்காலுக்கு ரெகுநாத காவிரி என்று பெயர். (காவிரி இல்லாத சீமையில் பெயரையாவது கொண்டுவந்தார்கள்.)

இந்தக் கண்மாய்ப் பாசனம் தஞ்சாவூர்ப் பாசனம் போன்றதல்ல. நாற்று, நடவு எல்லாம் பெரும்பாலும் கிடையாது. மழைக்கு முன்னாலேயே காய்ந்த புழுதியில் நெல்லை விதைத்துவிட்டு வானத்தைப் பார்ப்பார்கள். மழையில் முளைத்து மழையில் வளரும் பயிருக்குக் கடைசித் தண்ணி தரத்தான் கண்மாய். குழியடிச்சான், நொறுங்கன், சித்திரைக்கார் எல்லாம் இந்தக் கணக்குக்குப் பழகிய நெல். அந்தக் கடைசி இரண்டு தண்ணி கிடைக்காமல் போனால் வெள்ளாமை வைக்கோல்தான். மழைக்கும் அறுவடைக்கும் இடையிலான அந்தச் சில வாரங்களில்தான் இப்பகுதியின் அரசியல் முழுவதும் இருக்கிறது என்பேன்.

இங்கே ஒரு எச்சரிக்கை. அன்று ஊர் கூடிக் கண்மாயைப் பராமரித்தது, வெள்ளைக்காரன் வந்து கெடுத்தான் என்றொரு கதை நம்மிடம் புழங்குகிறது. இராமநாதபுரக் கண்மாய்களை விரிவாக ஆராய்ந்த டேவிட் மாஸ் 2003இல் வெளியிட்ட நூலில் இந்தச் சித்திரத்தைக் கேள்விக்குட்படுத்துகிறார். கண்மாய் அரச அதிகாரத்தின் கருவி. கோயிலுக்கும் படைத்தலைவனுக்கும் கொடுத்த மானியங்களோடு பின்னியது. மேல்கண்மாய்க்காரன் கலுங்கை உயர்த்தினால் கீழ்க்கண்மாய் காயும். மடை திறக்க மூழ்கியவனும் இராத்திரி வாய்க்காலைக் காத்த நீர்ப்பாய்ச்சியும் பெரும்பாலும் தலித்துகள். தண்ணீரை முறை வைத்துப் பங்கிட்ட அவர்களுக்கு அந்தத் தண்ணீர் பாய்கிற நிலம் எவ்வளவு இருந்தது? 1957 முதுகுளத்தூர்க் கலவரத்தைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் இடைத்தேர்தலையும் தலைவர்களையும் சுற்றியே நிற்கிறது. மடையையும் நிலத்தையும் சேர்த்து அதை இன்னும் எழுதியாக வேண்டும்.

ஆனாலும் உடைவு உண்மைதான். 1795இல் முத்துராமலிங்க சேதுபதியைக் கும்பினி சிறைப்பிடித்தது. 1803இல் சமஸ்தானம் நிரந்தரத் தீர்வைக்குட்பட்ட ஜமீனானது. பேஷ்குஷ் நிரந்தரமாக நிர்ணயமாகிவிட்ட இடத்தில் கண்மாயைச் செப்பனிட்டால் சர்க்காருக்கு ஒரு காசு கூடாது. வழக்கிலும் கடனிலும் அமிழ்ந்த ஜமீனுக்கோ மராமத்துக்குக் கையில் பணமில்லை. 1858இல் கட்டாய உழைப்புச் சட்டம் வந்தது. குடிமராமத்து என்று இன்று நாம் நெகிழ்ந்து பேசும் சொல்லின் பின்னால் கூலியில்லாமல் வேலை வாங்கும் இந்தச் சட்டமும் இருக்கிறது.

பெரியாற்றுத் தண்ணீரை வைகைக்குத் திருப்பலாம் என்று முதலில் யோசித்தவர்களில் ஒருவர் இராமநாதபுரத்தின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதி அது. நூறு வருஷம் கழித்து, 1895இல், தண்ணீர் வந்தது. பாய்ந்தது மதுரை, மேலூர் வயல்களில். அதாவது சர்க்காருக்குத் தண்ணீர்த் தீர்வை கிடைக்கிற ரயத்துவாரி நிலத்தில். யோசனை சொன்ன சீமை ஆற்றின் வாலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தது. 1948இல் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தபின் கண்மாய்கள் அரசிடம் வந்தன. அதற்குள் பல கண்மாய்கள் பாதி மேடாகிவிட்டன.

பிறகுதான் வேலிக்கருவை. எல்லாக் குற்றத்தையும் இந்த மரத்தின் தலையில் கட்டுவது இப்போது வழக்கமாகிவிட்டது. 2017இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையே இதை வெட்டியெறிய உத்தரவிட்டது. கருவை கண்மாயை அடைத்தது என்பதை மறுக்கவில்லை. ஆனால் விட்டுப்போன நிலத்தில்தான் அது காடாயிற்று. வெள்ளாமை பொய்த்த வருஷங்களில் கரிமூட்டம் போட்டுக் கஞ்சி குடித்த குடும்பங்களைக் கேட்டால் வேறு கதை சொல்வார்கள். சம்சாரிக்கு எதிரியும் அதுவே, சோறும் அதுவே.

தண்ணியில்லாக் காடு என்ற பெயர் வெறும் கேலியாக நின்றிருந்தால் விட்டுவிடலாம். அது நிலத்தின் விலையையும் சேர்த்து நிர்ணயிக்கிறது. 2016இல் கமுதி அருகே சுமார் 2,500 ஏக்கரில் 648 மெகாவாட் சூரிய மின்நிலையத்தை அதானி குழுமம் திறந்தது. ஒரே இடத்தில் அமைந்தவற்றில் உலகிலேயே பெரியது என்று அப்போது கொண்டாடினார்கள். இங்கே என்ன விளையப்போகிறது என்ற எண்ணம் முன்னமே ஊறியிருந்த இடத்தில் அத்தனை ஏக்கரைச் சேர்ப்பது எளிது. அதே மண்ணில் விளையும் முண்டு மிளகாய்க்கு 2023இல் புவிசார் குறியீடு கிடைத்தது.

காவிரி–வைகை–குண்டாறு இணைப்புக் கால்வாய்க்கு 2021இல் அடிக்கல் நாட்டினார்கள். வரைபடத்தில் அந்தக் கால்வாயின் கடைசி முனை குண்டாறு. இந்த முறையும் இச்சீமை வாலில்தான் இருக்கிறது.